எட்டு விதிகளும் அவற்றின் காரணங்களும்: தேவ்பந்த் தாருல் உலூமின் தொடக்ககாலக் கொள்கைகள்

உஸூலுல் ஃபிக்ஹ் பயிலும் மாணவர் தொடக்கத்திலேயே அறிந்துகொள்ளும் சொற்களுள் 'இல்லத்' என்பது ஒன்று. ஒரு சட்டம் எந்தக் காரணத்தின்மீது நிற்கிறதோ அக்காரணத்திற்கு இல்லத் என்று பெயர். காரணம் இருக்கும் இடத்தில் சட்டம் இருக்கும். காரணம் நீங்கிய இடத்தில் சட்டமும் நீங்கும் என்பது சட்டவியலாரிடையே பரவலாக வழங்கும் விதி. மதுவிலக்கின் காரணம் போதை என்று கண்டறிந்ததனால்தான், பிற்காலத்தில் தோன்றிய பல்வேறு போதைப் பொருள்களுக்கும் அச்சட்டத்தை விரிவுபடுத்த முடிந்தது. இத்துணை நுணுக்கமாகக் காரணம் தேடக் கற்ற நம் சமூகம், தான் நடத்தும் நிறுவனங்களின் விதிகளுக்கு மட்டும் பெரும்பாலும் காரணம் கேட்பதில்லை. முன்னோர் வகுத்தனர், நாம் பின்பற்றுகிறோம் என்ற அளவில் நின்றுவிடுகிறது.

முன்னோர்கள் அப்படி நிற்கவில்லை. அவர்கள் விதியை வகுத்தபோதே அதன் காரணத்தையும் சேர்த்து எழுதினர். இதற்குச் சிறந்த சான்று, தாருல் உலூம் தேவ்பந்தின் நிறுவனர்களுள் தலையாயவரான மௌலானா முஹம்மது காஸிம் நானோத்தவி (ரஹ்) அவர்கள் தம் கைப்பட எழுதிய எட்டு விதிகள். 'உஸூலே ஹஷ்த்கானா' என வழங்கும் அச்சிறு ஆவணம் ஓரிரு பக்கங்களில் அடங்கிவிடும். ஆயினும் அந்த விதிகளுள் முக்கியமானவை ஒவ்வொன்றின் பின்னும் 'ஏன்' என்பதற்கான விடை இருக்கிறது. அந்த விடைகளை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

பழைய ஏற்பாடும் அதன் வீழ்ச்சியும்

இஸ்லாமிய உலகில் கல்விக்கூடங்கள் பெரும்பாலும் வக்ஃபின் நிழலிலேயே வளர்ந்தன. கி.பி. 1067இல் பக்தாதில் திறக்கப்பட்ட நிஜாமிய்யா மத்ரஸாவுக்கு ஸல்ஜூக்கிய அமைச்சர் நிஜாமுல் முல்க் சொத்துகளை வக்ஃபாக அளித்தார். இந்தியாவிலும் அரசரும் பிரபுக்களும் வழங்கிய வரியில்லா நிலங்களே ஆலிம்களின் குடும்பங்களையும் மாணவர்களையும் தாங்கின. லக்னோவில் முல்லா நிஜாமுத்தீன் ஸிஹாலவி (மறைவு 1748) பாடம் நடத்திய ஃபிரங்கீ மஹல் மாளிகைகூட அவருடைய குடும்பத்திற்குப் பேரரசர் ஔரங்கசீப் வழங்கியதே. இன்று நாம் 'தர்ஸே நிஜாமி' என்று சொல்லும் பாடத்திட்டம் அங்கிருந்து பரவியது.

ஆங்கிலேய ஆட்சியில் இந்த அடித்தளம் ஒவ்வொன்றாகப் பெயர்க்கப்பட்டது. வங்காளத்தில் 1828க்குப் பின் வரியில்லா நிலங்களின் உரிமைகள் விசாரணைக்கு உட்படுத்தப்பட்டுப் பெருமளவில் திரும்பப் பெறப்பட்டன. அந்நிலங்களை நம்பி வாழ்ந்த முஸ்லிம் கல்விக்கூடங்கள் அழிந்தன என்பதை, 1871இல் வெளிவந்த தம் நூலில் ஆங்கிலேய அதிகாரியான ஹண்டரே ஒப்புக்கொண்டார். 1835இல் ஆங்கிலக் கல்விக்கு அரசு முதன்மை தந்தது. 1837இல் பாரசீகம் ஆட்சிமொழி என்னும் நிலையை இழந்தது. 1854ஆம் ஆண்டு உட் அறிக்கை தனியார் கல்விக்கூடங்களுக்கு அரசு மானியம் என்னும் முறையைக் கொண்டுவந்தது. மானியம் பெறும் நிறுவனம் அரசின் ஆய்வாளருக்குக் கட்டுப்பட வேண்டும் என்பது அதன் நிபந்தனைகளுள் ஒன்று. பின்னர் 1857இன் பேரழிவு வந்தது. டில்லியின் கல்விக் குடும்பங்கள் சிதறின. அரசர் இல்லை, பிரபுக்கள் நொடிந்தனர், புதிய அரசோ நிபந்தனையோடு மட்டுமே கொடுக்கும். இச்சூழலில் மார்க்கக் கல்வியை யார் தாங்குவது என்பதே கேள்வி.

மாதுளை மரத்தடியில்

1866 மே மாதத்தில் (ஹிஜ்ரி 1283, முஹர்ரம்) ஸஹாரன்பூர் மாவட்டத்தின் தேவ்பந்த் என்னும் சிற்றூரில், சத்தா பள்ளிவாசலின் மாதுளை மரத்தடியில் ஒரு மத்ரஸா தொடங்கியது. முதல் ஆசிரியர் முல்லா மஹ்மூத். முதல் மாணவர், பின்னாளில் ஷைகுல் ஹிந்த் எனப் போற்றப்பட்ட மஹ்மூத் ஹஸன். ஊர்ப் பெரியவர் ஹாஜி ஆபித் ஹுஸைன் கைக்குட்டையை விரித்து வீடு வீடாகச் சென்று முதல் நிதியைத் திரட்டினார் என்று தேவ்பந்த் வரலாற்றாசிரியர்கள் எழுதுவர். ஆண்டு முடிவதற்குள் மாணவர் எண்ணிக்கை எழுபதைத் தாண்டியது. அவர்களுள் பலர் வெளியூர்களிலிருந்து வந்தவர்கள்.

இங்கே ஒரு செய்தியைக் கவனிக்க வேண்டும். இதை நடத்தியவர்கள் அரசுக் கல்விமுறையை அறியாதவர்கள் அல்லர். மௌலானா நானோத்தவியின் ஆசிரியரான மௌலானா மம்லூக் அலி, டில்லிக் கல்லூரியில் அரபுப் பேராசிரியர். நிறுவனர் குழுவில் இருந்த மௌலானா ஸுல்ஃபிகார் அலியும் மௌலானா ஃபள்லுர் ரஹ்மான் உஸ்மானியும் அரசுக் கல்வித் துறையில் பள்ளிகளின் ஆய்வாளர்களாகப் பணியாற்றியவர்கள். வகுப்பு, வருகைப் பதிவேடு, வரையறுத்த பாடத்திட்டம், ஆண்டுத் தேர்வு, பரிசளிப்பு ஆகிய புதிய நிர்வாக முறைகளை அவர்கள் தயங்காமல் மத்ரஸாவுக்குள் கொண்டுவந்தனர். அரசின் ஒழுங்குமுறையை ஏற்றுக்கொண்டு, அரசின் பணத்தை மட்டும் மறுத்தனர். எனவே அம்மறுப்பை அறியாமை என்றோ வெறுப்பு என்றோ சொல்லிவிட முடியாது. ஆய்வாளராக இருந்தவருக்கு, ஆய்வாளர் உள்ளே நுழைந்தால் என்ன ஆகும் என்பது நன்றாகவே தெரியும்.

வருவாய் பற்றிய விதிகள்

எட்டு விதிகளுள் நிதியையும் உணவையும் பற்றியவை ஐந்து. பணியாளர்களும் நலம் நாடுவோரும் நன்கொடையைப் பெருக்குவதில் எப்போதும் கண்ணாயிருக்க வேண்டும் என்கிறது முதல் விதி. மாணவர்களின் உணவு ஏற்பாடு குறையாமல் மேலும் வளர முயல வேண்டும் என்கிறது இரண்டாம் விதி. ஆறாம் விதிக்கு வரும்போது வாசகர் திகைத்துப்போவார். மத்ரஸாவுக்கு நிலையான வருவாய் எதுவும் இல்லாத வரையில், அல்லாஹ்வின் மீதுள்ள நம்பிக்கையால் அது நடைபெற்றுவரும். ஜாகீர் நிலமோ, தொழிற்சாலையோ, வணிகமோ, சொல் தவறாத ஒரு செல்வந்தரின் வாக்குறுதியோ கிடைத்துவிட்டால், இறைவனிடம் திரும்ப வைக்கும் அச்சமும் ஆதரவும் கைநழுவிப் போகும். மறைவான உதவி நின்றுவிடும். பணியாளர்களிடையே பூசல் தோன்றும் என்பது அதன் சாரம். ஏழாம் விதி, அரசும் செல்வந்தர்களும் பங்கேற்பது பெருங்கேடு என்கிறது. தம் கொடையால் பெயர் தேடாதவர்களின் நன்கொடையே அதிக பரக்கத்துக்குரியது என்பது எட்டாம் விதி.

நன்கொடையைப் பெருக்கச் சொல்லும் முதல் விதியும் நிலையான வருவாயை மறுக்கும் ஆறாம் விதியும் முரண்படுவதாகத் தோன்றலாம். காரணத்தைக் கவனித்தால் முரண் மறையும். நிறுவனர் பணத்தை மறுக்கவில்லை. மக்களை நாடவேண்டிய தேவையை இல்லாமல் ஆக்கிவிடும் பணத்தை மட்டுமே மறுத்தார். ஆயிரம் வீடுகளிலிருந்து நாலணாவும் எட்டணாவும் வரும்போது அந்த ஆயிரம் வீடுகளும் மத்ரஸாவைத் தமதென்று கருதும். ஒரு நவாபிடமிருந்து அதே தொகை வருமாயின் மத்ரஸா அந்த நவாபுடையதாகிவிடும்; அவருடைய மரணமோ மனமாற்றமோ அதன் முடிவாகவும் ஆகலாம். வரியில்லா நிலங்களை நம்பிய கல்விக்கூடங்கள் ஓர் அரசாணையால் அழிந்ததைக் கண்ட தலைமுறை அது. நிலத்தைப் பறிக்கலாம், ஆயிரம் வீடுகளின் அன்பைப் பறிக்க முடியாது.

பூசல் பற்றிய எச்சரிக்கையும் கருதத்தக்கது. உறுதியான சொத்து இருக்கும் இடத்தில் அதை ஆள்வது யார் என்ற போட்டி எழும். தவக்குல் என்னும் ஆன்மிகப் பண்பையும் நிர்வாகத்தின் நடைமுறை அறிவையும் ஒரே விதியில் இணைத்திருக்கும் திறம் வியப்புக்குரியது.

நன்கொடையை நம்பும் நிறுவனம் கணக்குக் காட்டியே ஆகவேண்டும். ஆண்டுதோறும் 'ரூதாத்' என்னும் அறிக்கை அச்சிடப்பட்டது. பணம் மட்டுமின்றித் தானியம், நூல், பாத்திரம் கொடுத்தவர்களின் பெயர்களும் அதில் இடம்பெற்றன. தொடக்க ஆண்டுகளின் பட்டியலில் இந்துப் பெருமக்கள் சிலரின் பெயர்களையும் காண்கிறோம். வந்த வருவாயும் செலவும் தேர்வு முடிவும் ஒருங்கே மக்கள் முன் வைக்கப்பட்டன. அச்சகத்தில் பிழைதிருத்துநராக உழைத்துப் பிழைத்தவரும், மத்ரஸாவிடம் ஊதியம் பெறாதவருமான மௌலானா நானோத்தவிக்கு, அச்சின் ஆற்றல் தெரியாததா? 1880இல் அஞ்சல் துறை மணியார்டர் முறையைத் தொடங்கியபின் தொலைவிலுள்ளோரும் கொடையாளராவது எளிதாயிற்று.

இவ்விதிகள் தேவ்பந்துக்கு மட்டும் உரியன அல்ல. நன்கொடையால் நடக்கும் ஏனைய மத்ரஸாக்களுக்கும் அடிப்படையாகத் தோன்றும் விதிகள் என்றே ஆவணத்தின் தலைப்பு குறிப்பிடுகிறது. அதே 1866இல் ஸஹாரன்பூரில் தோன்றிய மழாஹிருல் உலூமும் பின்னர் முராதாபாத் முதலிய ஊர்களில் எழுந்த மத்ரஸாக்களும் இவ்வழியிலேயே நடந்தன.

ஆலோசனை பற்றிய விதி

எட்டு விதிகளுள் நீளமானதும் நுட்பமானதும் மூன்றாம் விதி. ஆலோசகர்கள் மத்ரஸாவின் நலனையே முன்வைக்க வேண்டும். தம் கருத்தே வெல்ல வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தால் அடித்தளமே ஆட்டம் காணும். சொல்பவர் தயங்காமல் சொல்ல வேண்டும்; கேட்பவர் நல்லெண்ணத்துடன் கேட்க வேண்டும்; பிறர் கருத்து சரியெனப் பட்டால், தம் கருத்துக்கு மாறாயினும் மனமார ஏற்க வேண்டும். முஹ்தமிம் கட்டாயம் ஆலோசனை கேட்க வேண்டும். நிலையான ஆலோசகர்களிடம் மட்டுமின்றி, அறிவும் நலம் நாடும் உள்ளமும் கொண்டு வந்துசேரும் விருந்தினரிடமும் கேட்கலாம். எல்லாரையும் கேட்க வாய்ப்பில்லாமல் போய், போதிய எண்ணிக்கையினரிடம் மட்டும் கேட்டிருந்தால், 'என்னைக் கேட்கவில்லையே' என்று எவரும் வருந்தலாகாது. ஆனால் முஹ்தமிம் ஒருவரையுமே கேட்காவிட்டால் ஆலோசகர்கள் ஆட்சேபிக்கலாம்.

வக்ஃபு முறையில் வாகிஃபின் நிபந்தனையே இறுதிச் சொல். இங்கே கொடையாளர் ஆயிரம் பேர். ஒருவரும் வாகிஃப் அல்லர். அப்படியாயின் முடிவெடுப்பவர் யார்? அந்த வெற்றிடத்தை நிரப்பவே ஷூரா. நிதிக் கொள்கையும் ஆலோசனைக் கொள்கையும் ஒரே வேரிலிருந்து கிளைத்தவை என்பதை இதனால் அறிகிறோம். ஆசிரியர்கள் ஒத்த போக்குடையவர்களாக இருக்க வேண்டும், தற்பெருமையும் பிறரை இழிவுபடுத்தும் குணமும் கூடா என்னும் நான்காம் விதியும், வரையறுத்த பாடங்கள் முழுமையாக நடந்து முடிய வேண்டும், இன்றேல் மத்ரஸாவில் கூட்டம் சேராது, சேர்ந்தாலும் பயனிராது என்னும் ஐந்தாம் விதியும் இதே நோக்கத்தின் தொடர்ச்சியே.

பாடத்திட்டம்: 1874ஆம் ஆண்டு உரை

புதிய விஞ்ஞானங்களை ஏன் கற்பிக்கவில்லை என்ற கேள்வி அன்றே எழுந்தது. 1874இல் நடைபெற்ற பட்டமளிப்பு நிகழ்ச்சியில் மௌலானா நானோத்தவி இதற்கு வெளிப்படையாக விடையளித்தார். அவர் காட்டிய காரணங்கள் மூன்று. முதலாவது, புதிய கல்விக்கு அரசுப் பள்ளிகள் ஏராளமாக உள்ளன, பழைய கல்விகளோ ஆதரவிழந்து நிற்கின்றன. சுவரில் எங்கே வெடிப்போ அங்கேதான் பூச வேண்டும். இரண்டாவது, ஒரே காலத்தில் பலவற்றைக் கற்கும் மாணவர் எதிலும் தேர்ச்சி பெறமாட்டார். மூன்றாவது, இங்கே கற்று முடித்தவர் விரும்பினால் அரசுப் பள்ளிகளுக்குச் சென்று புதிய கல்வியைப் பெறலாம்; இங்கே பெற்ற பயிற்சி அங்கே அவருக்குத் துணைநிற்கும்.

இம்மூன்றில் எதுவும் புதிய கல்வி ஆகாது என்று சொல்லவில்லை. வேலைப் பிரிவினை ஒன்றையே அவை சொல்கின்றன. மூன்றாம் காரணம் புதிய கல்விக்கு வாயிலைத் திறந்தே வைத்திருக்கிறது. பிற்காலத்தில் மத்ரஸாவின் நண்பர் சிலரும் எதிரிகள் பலரும் இதைப் புதிய கல்விக்கு எதிரான தீர்ப்பாகக் கொண்டது, உரையின் முடிவை நினைவில் வைத்துக் காரணங்களை மறந்ததனால் நேர்ந்த பிழை.

வேறு நோக்கம், வேறு கொள்கை

ஒரு கொள்கை சரியா என்பதை அதன் நோக்கத்தோடு பொருத்திப் பார்த்தே கூற இயலும். சர் ஸய்யித் அஹ்மத் கான் 1875இல் அலிகரில் பள்ளியைத் தொடங்கினார். அது கல்லூரியாக உயர்ந்தபோது, 1877இல் வைஸ்ராய் லிட்டன் பிரபு அடிக்கல் நாட்டினார். அரசுப் பணிக்கும் பொதுவாழ்வுக்கும் முஸ்லிம் இளைஞரைத் தயாரிப்பது அவருடைய நோக்கம். அந்நோக்கத்திற்கு அரசின் நல்லெண்ணமும் மானியமும் செல்வந்தரின் பெருங்கொடையும் தேவை. 1894இல் தோன்றிய நத்வத்துல் உலமா இருவகைக் கல்வியையும் இணைக்க முயன்றது. 1908இல் அதன் தாருல் உலூம் கட்டடத்திற்கு ஐக்கிய மாகாணத் துணை ஆளுநர் ஹ்யூவெட் அடிக்கல் நாட்ட, மாதம் 500 ரூபாய் அரசு மானியமும் கிடைத்தது.

தேவ்பந்தின் விதிகளை அலிகருக்குப் பொருத்தினால் அலிகர் எழுந்திராது. அலிகரின் விதிகளைத் தேவ்பந்துக்குப் பொருத்தினால் தேவ்பந்து தன் தன்னுரிமையை இழந்திருக்கும். இதை அவ்விரு பெரியார்களும் உணர்ந்தே இருந்தனர். கருத்து வேறுபாடுகள் கடுமையாக இருந்தும், 1880இல் மௌலானா நானோத்தவி மறைந்தபோது சர் ஸய்யித் தம் அலிகர் இதழில் அவருடைய தூய்மையையும் எளிமையையும் போற்றி மனம் உருக எழுதினார்.

காரணம் மறக்கப்படும்போது

கிலாஃபத் இயக்கக் காலத்தில் தேவ்பந்துக்கு வந்த மௌலானா முஹம்மது அலி ஜௌஹர் இவ்விதிகளைக் கேட்டுக் கண்கலங்கி, இவை அறிவிலிருந்து பிறந்தவை அல்ல, மெய்ஞ்ஞான ஊற்றிலிருந்து வந்தவை என்று நெகிழ்ந்ததாக மௌலானா காரி முஹம்மது தய்யிப் குறிப்பிட்டுள்ளார். அந்த நெகிழ்ச்சியை நாம் மதிக்கிறோம். ஆயினும் இவ்விதிகளில் மெய்ஞ்ஞானத்தோடு கூர்த்த அறிவும் உடன் நிற்கிறது என்பதையும் சொல்ல வேண்டும். முற்றிலும் மெய்ஞ்ஞானம் என்று மட்டும் கொண்டால் முத்தமிட்டுப் பேழையில் வைத்துவிடுவோம். அறிவும் என்று கொண்டால்தான் எடுத்துப் படிப்போம்.

படிக்காததன் விலையை வரலாறு காட்டுகிறது. 1980 மார்ச் மாதத்தில் தாருல் உலூமின் நூற்றாண்டு விழா இலட்சக்கணக்கானோர் திரள நடந்தேறியது. அடுத்த இரண்டே ஆண்டுகளில், மஜ்லிஸே ஷூராவுக்கும் அரை நூற்றாண்டுக்கு மேல் முஹ்தமிமாக இருந்த காரி தய்யிப் அவர்களின் தரப்புக்கும் இடையே அதிகார எல்லை பற்றிய பிணக்கு முற்றி, நிறுவனம் பிளவுண்டது. 1982இல் பிரிந்தவர்கள் தனியே ஒரு தாருல் உலூமை அமைத்தனர். இருதரப்பிலும் தகுதிமிக்க பெரியார்கள் இருந்தனர். யார் பக்கம் நியாயம் என்று தீர்ப்புரைப்பது நம் பணியன்று. ஆனால் எந்தப் புள்ளியில் அடித்தளம் ஆட்டம் காணும் என்று மூன்றாம் விதி எச்சரித்திருந்ததோ, சரியாக அதே புள்ளியில்தான் ஆட்டம் கண்டது.

அண்மைக்கால நிகழ்ச்சியொன்றும் எண்ணத்தக்கது. இருபதாம் நூற்றாண்டின் இறுதியிலும் அடுத்த நூற்றாண்டின் தொடக்கத்திலும் தாருல் உலூமே கணினித் துறையையும் ஆங்கிலத் துறையையும் தொடங்கியிருந்தது. காலத்தின் வெடிப்பு இடம் மாறியதும் பூச்சும் இடம் மாறியது. இது முதல் காரணத்திற்கு முற்றிலும் இணக்கமானது. 2023 ஜூன் மாதத்தில், படிப்புக் காலத்தில் மாணவர்கள் ஆங்கிலம் முதலியவற்றைக் கற்கலாகாது என்ற அறிவிப்பு வெளியாயிற்று. 'தேவ்பந்த் ஆங்கிலத்தைத் தடை செய்தது' என்று நாளிதழ்கள் முழங்கின. வெளிப் பயிற்சி வகுப்புகளால் பாடம் கெடுவதைத் தடுப்பதே நோக்கம் என்று நிர்வாகம் பின்னர் விளக்கியது. இது 1874ஆம் ஆண்டு உரையின் இரண்டாம் காரணமே. நிறுவனர் செய்ததுபோல் விதியும் காரணமும் ஒரே நாளில் ஒரே மேடையில் சொல்லப்பட்டிருந்தால் அவதூறுக்கு இத்துணை இடம் இருந்திராது.

இதற்கு மாறாக, 2022இல் உத்தரப் பிரதேச அரசு அங்கீகாரம் பெறாத மத்ரஸாக்களைக் கணக்கெடுத்தபோது, அதே ஆண்டு அக்டோபரில் தேவ்பந்தில் கூடிய மத்ரஸாக்களின் மாநாட்டில், அரசு வாரியத்தின் இணைப்பும் உதவியும் தேவையில்லை என்று தெளிவாக அறிவிக்கப்பட்டது. அதைக் கேட்ட பொதுமக்களுக்கு வியப்பேதும் இல்லை. 150 ஆண்டுகளுக்கும் மேலாகக் காரணத்தோடு அறியப்பட்டிருந்த கொள்கை அது.

நமக்குரிய பாடம்

நம் அரபுக் கல்லூரிகளும் ஜமாஅத்துகளும் அறக்கட்டளைகளும் விதிகள் இல்லாமல் இல்லை. பதிவு அலுவலகத்திற்காக எழுதிய துணைவிதிகள் பெட்டியில் கிடக்கின்றன. இந்த விதி எதற்காக என்று புதிய உறுப்பினர் கேட்டால், பெரும்பாலும் 'வழக்கம்' என்பதே விடை. காரணம் எழுதப்படாத விதி இருவகையில் கெடும். மாற்ற வேண்டிய காலத்தில் அதை மாற்றத் துணிவிருக்காது. காக்க வேண்டிய காலத்தில் அதைக் காக்க வாதமிருக்காது. கடை வாடகை வரத் தொடங்கியதும் வீடு வீடாகச் செல்வதை நிறுத்திவிட்ட நிறுவனங்கள், நாளடைவில் ஊராரின் பற்றையும் இழந்ததை நாம் அறிவோம். வாடகை தவறன்று, மக்களை நாடவேண்டிய தேவை ஏன் முக்கியம் என்பதை யாரும் எடுத்துச் சொல்லாததே தவறு.

நோக்கத்தை முதலில் எழுதுக. அதிலிருந்து விதியை வருவிக்க. விதியின் அருகே காரணத்தைப் பொறிக்க. கணக்கை மக்கள்முன் வைக்க. ஓரிரு பக்கங்களில் இதைச் செய்துகாட்டிய பெரியாரின் கையெழுத்து இன்றும் தேவ்பந்தில் பாதுகாக்கப்பட்டு வருகிறது. விதிகளைக் காப்போர் காரணங்களையும் சேர்த்துக் காக்க அல்லாஹ் அருள்புரிவானாக. அவனே மிக அறிந்தவன்.